பால் ஊற்றிய இடம்

"நீ உள்ள போ சந்திரா. இவங்க வீடு மாறி வந்துருக்காங்க," என்றார் மருதையன்.

சந்திரா போகவில்லை. வாசலில் நின்ற இருவரில் ஒருத்தி காரைக்காலில் பிரெஞ்சு சொல்லிக்கொடுக்கும் அமீர் நிஷா. மற்றவள் பிரான்சிலிருந்து வந்தவள். கறுத்த, நெடிய பெண். முப்பத்தாறு வயதிருக்கும்.

"வீடு மாறலைங்க," என்றாள் அமீர் நிஷா. "இவங்கள தத்துக் குடுத்த தாய்மாமா, கருக்களாச்சேரி மருதையன்னு பத்திரத்துல இருக்கு. தாய் தகப்பன் ரெண்டு பேரும் இலங்கைச் சண்டையில செத்துட்டாங்கன்னு கையெழுத்துப் போட்டிருக்காரு. அம்மா பேரு சந்திரா. ஒரு போட்டோ கிடைக்குமான்னுதான் வந்தாங்க."

சந்திரா வாசற்படிவரை வந்து அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்தாள்.

தொண்ணூறில் அக்கரையில், இலங்கையில், புருஷனைக் குண்டுக்குப் பறிகொடுத்து, முத்தமிழ் என்று பேர் வைத்த கைக்குழந்தையோடு படகேறி அண்ணன் மருதையன் வீட்டுக்கு வந்தவள் சந்திரா. வந்த மாதமே விஷக்காய்ச்சலில் விழுந்தாள். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பியபோது தொட்டில் இல்லை. பிள்ளையையும் காய்ச்சல் கொண்டுபோய்விட்டது என்று சவுக்குத்தோப்பில் ஒரு மண்மேட்டைக் காட்டினார் அண்ணன். மறுவருஷம் செம்பியனுக்குக் கட்டிவைத்தார். வருஷந்தவறாமல் அந்த மேட்டில் பால் ஊற்றுகிறாள். சாகும்வரை அந்தப் பாலை வாங்கிவந்து கொடுத்தவர் செம்பியன்.

"நா பால் ஊத்துன எடத்துல யாரு படுத்திருக்கா அண்ணே?"

மருதையன் தரையைப் பார்த்தார். "கையில பொட்டப்புள்ளையோட தாலியறுத்தவள யாரு கட்டுவா? புள்ள இருந்தா வேணாம்னுட்டாங்க செம்பியன் வீட்டுல. ஒன் நல்லதுக்குத்தான் செஞ்சேன்."

"அவருக்குத் தெரியுமா?"

"தெரியும்."

அமீர் நிஷா எல்லாவற்றையும் பிரெஞ்சில் சொன்னதும் வந்தவள் அவளிடம் ஏதோ கேட்டாள். அமீர் நிஷா தயங்கினாள். "நீங்க தேடவே இல்லையான்னு கேக்குறாங்கம்மா."

"புள்ள செத்துப்போச்சுன்னு நம்பிட்டேன்னு சொல்லும்மா. கூடப்பொறந்தவன் சொன்னதால நம்பிட்டேன்னு சொல்லு."

மருதையன் குரலைத் தாழ்த்தினார். "நாளைக்கு ஜெயப்ரியாவ நிச்சயம் பண்ண வர்றாங்க. ஒம் மகளுக்கு வந்த நல்ல சம்பந்தம். இது தெரிஞ்சா நிக்காது. ஊரு சுத்திப் பாக்க வந்தவங்கன்னு சொல்லி அனுப்பிடு."

சந்திரா வந்தவளின் கையைப் பிடித்து நிலைப்படிக்குள் அழைத்து நாற்காலியில் உட்காரவைத்தாள். பிறகுதான் அண்ணன் பக்கம் திரும்பினாள்.

"எம் மூத்த பொண்ணு முத்தமிழ் கையாலதான் நாளைக்கு வர்றவங்களுக்குக் காப்பி. குடிக்கிறவங்க குடிக்கட்டும்."

மருதையன் செருப்பை மாட்டிக்கொண்டு வெகுநேரம் வாசலில் நின்றார். அவரை இருக்கச்சொல்லியோ, போய்வரச்சொல்லியோ உள்ளேயிருந்து ஒரு குரலும் வரவில்லை.