எங்கள் பங்குக்குப் பதின்மூன்று கல்

பேங்கிலிருந்து கடிதம் வந்த அன்று என் வீட்டுக்காரர் சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

"பாத்தியா, வட்டி ஏறிடுச்சாம். ஆனா தவணை ஏறல. அதே இருபத்தாறாயிரம்தான். நல்ல மனுஷங்க!"

பொய் சொல்வானேன், நானும் சந்தோஷப்பட்டேன். வீட்டுக் கடன் வாங்கியபோது முதல் மூன்று வருடம் மாறாத வட்டி, அதன்பிறகு மாறும் வட்டி என்று சொல்லியிருந்தார்கள். அந்த மூன்று வருடம் முடியப்போகிறதே என்று எனக்கு ஒரு மாதமாகத் தூக்கமில்லை. எட்டரையாக இருந்த வட்டி பத்தே முக்காலாகிவிட்டது, தவணை மட்டும் நகரவில்லை என்றால் யாருக்குத்தான் இனிக்காது? கடிதத்துக்கு இரண்டாம் பக்கம் ஒன்று இருந்தது. அதை நாங்கள் திருப்பவில்லை. கூடவே இருந்த ஒரு படிவத்தில் எங்கள் மகளின் கையெழுத்து வேண்டும் என்று கேட்டிருந்தார்கள். சும்மா ஏதோ விதிமுறை என்று அவர் அதை மடித்து அலமாரியில் வைத்தார்.

என் வீட்டுக்காரர் டைல்ஸ் போடுகிறவர். ஊரே மேஸ்திரி என்று கூப்பிடும். கோபம் வந்தால் நானும் அப்படித்தான் கூப்பிடுவேன். இந்த வீட்டின் தரையை அவரே மண்டியிட்டுப் போட்டார். இரண்டடிக்கு இரண்டடி, மொத்தம் இருநூறு கல். கடன் வாங்கிய புதிதில் பேங்கில் ஒரு அட்டவணை கொடுத்தார்கள். அதில் முதல் மாதத் தவணையில் இருபத்தோராயிரம் வட்டிக்கே போயிருந்தது. அசலில் கழிந்தது ஐயாயிரம்கூட இல்லை. யானைப் பசிக்குச் சோளப்பொரி. எண்களைப் பார்த்தால் அவருக்குத் தலை சுற்றும், அதனால் கணக்கைக் கல்லாக மாற்றிக்கொண்டார். முப்பது லட்சக் கடன், இருநூறு கல், ஆகவே ஒரு கல் பதினைந்தாயிரம். அசலில் பதினைந்தாயிரம் கழியும்போதெல்லாம் ஒரு கல்லின் மூலையில் பென்சிலால் புள்ளி வைப்பார். அந்தக் கல் இனி எங்களுடையது.

வாசற்படியிலிருந்து ஆரம்பித்தார். மூன்று வருடத்தில் ஒன்பது லட்சத்து முப்பத்தேழாயிரம் கட்டியிருந்தோம். புள்ளி விழுந்த கற்கள் பதின்மூன்று.

"செருப்பு விடவும் குடை மாட்டவும் இடம் வாங்கியாச்சு. அடுத்த ஜென்மத்துல சமையலறை வாங்கிடலாம்" என்று நான் கிண்டல் செய்வேன். எங்கள் மகள் வாலு (பெயர் வேறு, அவள் பண்ணிய சேட்டைக்கு இதுதான் நிலைத்தது) புள்ளி வைத்த கல்லில் நின்றுகொண்டு, "அப்பா, சொந்த இடத்துலேர்ந்து பேசறேன்" என்பாள். இருபத்திரண்டு வயது. செயற்கைப் பல் செய்யும் கூடத்தில் வேலை. இரண்டு வருடம் வேறு ஊரில் மேலே படிக்கவேண்டும் என்று சம்பளத்தில் பாதியைச் சேர்த்து வைத்துக்கொண்டிருந்தாள்.

டைல்ஸ்காரர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. கல் காய்ந்ததும் சிமெண்டுக் கரண்டியின் பிடியால் தட்டிப் பார்ப்பார்கள். அடியில் சிமெண்டு நிறைந்திருந்தால் டக் என்று கேட்கும். இடைவெளி இருந்தால் டொங். என் வீட்டுக்காரர் நான்கு மூலையிலும் தட்டுவார், சிமெண்டுத் தூசி தொண்டையில் ஏறியதற்கு ஒரு இருமல், அப்புறம் நடுவில் ஒரு தட்டு. இருபத்தைந்து வருடத்தில் அவர் போட்ட கல் எதுவும் டொங் என்றதில்லை. அதில் மனிதருக்குக் கொஞ்சம் திமிர்கூட உண்டு.

கடிதம் வந்த அடுத்த ஞாயிறு, காலை பதினோரு மணி. கூடம் முழுக்க வெயில். பதினாலாவது கல் எப்போது எங்களுக்கு வரும் என்று பார்க்க உட்கார்ந்தவர் பழக்கதோஷத்தில் அதைத் தட்டினார்.

டொங்.

முகம் சுருங்கிவிட்டது. அடுத்த கல்லைத் தட்டினார். டொங். கூடம், அறைகள், சமையலறை என்று வீடு முழுக்கத் தவழ்ந்து தவழ்ந்து தட்டினார். புள்ளி வைத்த பதின்மூன்றும் கெட்டி. மற்ற நூற்று எண்பத்தேழும் காலி.

"நான் போட்ட கல்லுடி இது!" என்று கத்தினார். உளியை எடுத்துப் பதினாலாவது கல்லைப் பெயர்த்தார். அடியில் சிமெண்டு கெட்டியாக, ஒரு எறும்பு நுழையக்கூட இடமில்லாமல் நிறைந்திருந்தது. புது சிமெண்டு போட்டு மறுபடி பதித்து, இரண்டு நாள் யாரையும் மிதிக்க விடாமல் காயவைத்து, தட்டினார். டொங்.

அதற்கடுத்த ஞாயிறு நான் சமையலறையில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தேன். கூடத்தில் தட்டுகிற சத்தம். நான்கு மூலை, இருமல், நடுவில் ஒன்று. கொஞ்ச நேரம் கழித்து மறுபடி நான்கு மூலை, இருமல், நடுவில் ஒன்று. இந்த மனுஷனுக்கு வேறு வேலையில்லையா என்று எட்டிப் பார்த்தேன். அவர் கரண்டியை உயரே பிடித்தபடி அசையாமல் உட்கார்ந்திருந்தார்.

"இரண்டாவது தடவை நான் தட்டல" என்றார்.

எங்களுடையது தரைத்தள வீடு. கீழே மண்தான்.

"இன்னொரு தடவை தட்டுங்க" என்றேன். ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை. அவர் தட்டினார். நானும் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன்.

நான் பரிசோதனைக் கூடத்தில் ரத்தம் எடுக்கிறவள். பதினெட்டு வருடமாக ஒரு நாளைக்கு ஐம்பது கைகளைப் பிடிக்கிறேன். ஆளின் முகத்தைப் பார்க்காமல், மூச்சைக் கேட்டே வயதைச் சொல்லிவிடுவேன். கீழேயிருந்து முதலில் முழங்கால்கள் சொடுக்கும் சத்தம் வந்தது. என் வீட்டுக்காரருக்கு வலது முழங்கால் மட்டும் சொடுக்கும். அங்கே இரண்டும் சொடுக்கின. பிறகு ஒரு மூலை. நீண்ட நேரம். இன்னொரு மூலை. மூச்சு வாங்கும் சத்தம். நான்காவது மூலைக்குப் பிறகு அதே இருமல், ஆனால் சளி கட்டி, நெஞ்சுக்கூடு தளர்ந்து. எண்பதை நெருங்கிய ஆள். நடுவில் விழ வேண்டிய தட்டு வரவே இல்லை. கரண்டி கைநழுவி விழுகிற சத்தம்தான் கேட்டது.

என் வீட்டுக்காரர் என்னைப் பார்த்தார். அவருக்கும் அது யாரென்று தெரிந்திருந்தது.

அன்றுதான் கடிதத்தின் இரண்டாம் பக்கத்தைத் திருப்பினேன். மறுநாள் மதியம் பேங்குக்குப் போனேன். கடன் பிரிவில் இருந்த பெண் ரொம்ப மரியாதையானவள், உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தாள்.

"இன்னும் முன்னூத்து எழுபத்தாறு மாசம் மேடம்" என்றாள்.

"போன மாசம் வரைக்கும் இருநூத்து நாலுதானேம்மா?"

"ஆமா மேடம். வட்டி ஏறிடுச்சு இல்லையா? தவணைய ஏத்தினா கஸ்டமருக்குக் கஷ்டம்னு, கெடுவ நீட்டிட்டோம்."

விரல்விட்டு எண்ணினேன். முப்பத்தொரு வருடத்துக்கு மேல். அவருக்கு இப்போது நாற்பத்தேழு, முடியும்போது எழுபத்தெட்டு. எனக்கு எழுபத்து நாலு.

"எழுபது வயசுக்கு மேல போறதால, இணைக் கடன்தாரரா உங்க பொண்ணு கையெழுத்துப் போடணும். இந்த வெள்ளிக்கிழமைக்குள்ள" என்றாள்.

"இனி மாசாமாசம் அசல்ல எவ்வளவு கழியும்?"

திரையைப் பார்த்தாள். "இப்போதைக்குத் தொள்ளாயிரத்துப் பதினொன்னு மேடம்."

அந்தக் கணக்கில் ஒரு கல்லுக்குப் பதினாறு மாதம்.

"கடைசில மொத்தமா எவ்வளவு கட்டியிருப்போம்?"

"ஒரு கோடியே ஏழு லட்சம்." பால் பாக்கெட் விலை சொல்கிற மாதிரிச் சொன்னாள்.

"நாங்க வாங்கினது முப்பதும்மா."

"ஆமா மேடம்."

"மாசம் நாலாயிரம் நாங்களே கூடக் கட்டினா?"

விசைகளைத் தட்டினாள். "பழைய கெடுவே வந்துடும். இருநூத்து நாலு. பதினேழு வருஷம். மொத்தம் எழுபது லட்சம் சொச்சம். பொண்ணு கையெழுத்தும் தேவைப்படாது."

மாதம் நாலாயிரத்தில் முப்பத்தாறு லட்சம் மிச்சம்! "இத ஏம்மா கடுதாசில போடல?"

"யாரும் கேக்கறதில்ல மேடம்" என்றாள். பாவம், அவள் என்ன செய்வாள்.

வீட்டுக்கு வந்து சொன்னேன். அவர் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டார். "நாலாயிரத்துக்கு எங்க போறது? இந்த முட்டிய வச்சுக்கிட்டு இருக்கற வேலைய முடிக்கறதே பெரும்பாடு. அவ பேரு சும்மா பேப்பர்லதானே இருக்கப்போகுது. அந்நியமா என்ன?"

எனக்கு ஒரு வழி தெரியும். விடிகாலையில் வீடு வீடாகப் போய் ரத்தம் எடுத்து வருகிற வேலை எங்கள் பரிசோதனைக் கூடத்தில் இருக்கிறது. நாலரைக்கு எழ வேண்டும், மாதம் நாலாயிரத்துக்கு மேலேயே தருவார்கள். இடுப்பு வலி தாங்காமல் இரண்டு வருடம் முன்பு அதை விட்டிருந்தேன். மறுபடி போகிறேன் என்று சொல்ல வாய்வரை வந்தது. சொல்லவில்லை. அவள் எங்களுக்குப் பெண்தானே, ஒரு கையெழுத்துத்தானே என்று நானும் வாயை மூடிக்கொண்டேன். அப்பாவின் கடனில் பெயர் ஏறிவிட்டால் படிப்புக்கு அவளுக்கு எந்த பேங்கும் கடன் தராது என்பதும் எனக்குத் தெரியும். தெரிந்தேதான் மூடினேன். வாலுவும், "இவ்வளவுதானேப்பா? போட்டுடறேன்" என்றாள். சேமிப்புப் புத்தகத்தை எடுத்து அப்பாவிடம் கொடுக்கவும் வந்தாள். அவர் வாங்கவில்லை. அந்த மட்டும் மானம் இருந்தது.

வெள்ளிக்கிழமை மதியம் அவர் பேங்கிலிருந்து போன் செய்தார். "நாங்க வந்துட்டோம். வாலு அடையாள அட்டைய மறந்துட்டு வந்துட்டா. கொஞ்சம் எடுத்துட்டு வர்றியா?"

வேலையிலிருந்து நேராக வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்தால் ஆளில்லாத வீடு, வெயிலில் தரை பளபளத்தது. புள்ளி வைத்த பதின்மூன்று கல்லைத் தாண்டிக் கூடத்தில் கால் வைத்தேன்.

யாரும் தட்டாமலே கீழே தட்டும் சத்தம் ஆரம்பித்தது. மூலையும் இல்லை, நடுவும் இல்லை, தொழில் தெரியாத கை கண்ட இடத்தில் தட்டுகிற தட்டு. கூடவே அந்தக் கிழட்டு இருமல். பிறகு ஒரு பெண்ணின் குரல்.

"இன்னும் எத்தன கல்லுப்பா?"

ஐம்பதைத் தாண்டிய குரல், கரகரத்து, களைத்துப்போய். ஆனால் அந்த 'ப்பா'வை இழுத்த இழுப்பை நான் இருபத்திரண்டு வருடமாகக் கேட்கிறேன்.

பதிலாக இருமல் மட்டும்தான் வந்தது. அவள் மறுபடி கேட்டாள். நான் நடந்த இடமெல்லாம் அந்தக் கேள்வி என் காலுக்கடியிலேயே வந்தது. அறைக்குள்ளும் வந்தது, அலமாரி வரைக்கும் வந்தது. அட்டையை எடுக்கவில்லை. கதவைப் பூட்டினேனா என்றுகூட நினைவில்லை.

பேங்கில் மூன்று பேரும் மேசையைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். வாலுவின் கையில் பேனா. நான் ஓடிப்போய் அந்தக் கையைப் பிடித்தேன். எத்தனையோ கைகளைப் பிடித்தவள், இவ்வளவு இறுக்கமாக எதையும் பிடித்ததில்லை.

"அம்மா, வலிக்குது!"

"வலிக்கட்டும். பேனாவக் கீழ வை."

"என்ன ஆச்சு உனக்கு?" என்றார் அவர்.

"கீழ வாலு இருக்கா. உங்க பக்கத்துல உக்காந்து எத்தன கல்லுன்னு கேக்கறா. தலை நரைச்சுப்போன குரல்ல கேக்கறா." அழுதபடியே கடன் பிரிவுப் பெண் பக்கம் திரும்பினேன். "ஏம்மா, தவணைய முப்பதாயிரமா ஏத்திக்கோ. பழைய கெடுவே போதும். மிச்சத்த நான் பாத்துக்கறேன்."

கடன் பிரிவுப் பெண் ஏதோ கேட்க வாயெடுத்தாள். என் வீட்டுக்காரர் எழுந்து அவள் முன்னாலிருந்த படிவத்தை எடுத்து நான்காகக் கிழித்தார். "ஏத்திடும்மா" என்றார்.

இப்போது நாலரைக்கு எழுகிறேன். ஐந்தரைக்கு முதல் வீடு. இடுப்பு விட்டுப்போகிறது, இல்லையென்று சொல்லமாட்டேன். வாலுவுக்கு வேறு ஊரில் இடம் கிடைத்துவிட்டது.

அவள் கிளம்புவதற்கு முந்தின ஞாயிறு, காலை பதினோரு மணிக்கு, நாங்கள் இரண்டு பேரும் பதினாலாவது கல் அருகே உட்கார்ந்தோம். இத்தனை நாள் தட்ட இருவருக்கும் தைரியம் இல்லை. அவர் தட்டினார். டொங் என்றுதான் கேட்டது. கீழேயிருந்து பதில் வந்தது. நான்கு மூலை, இருமல், நடுவில் ஒன்று. கொஞ்சம் தாமதம்தான், ஆனாலும் நடுத்தட்டு விழுந்தது. அறுபதைத் தாண்டிய மூச்சு, இன்னும் பலம் இருக்கிற மூச்சு.

பிறகு சமையலறைப் பக்கம் கல்லுக்கு அடியில் யாரோ செருப்பைத் தேய்த்துத் தேய்த்து நடந்தார்கள். இடுப்பைப் பிடித்துக்கொண்டு நடக்கிறவளின் நடை. அவள் மூச்சைக் கேட்டதும் வயது தெரிந்துவிட்டது. அறுபது. அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

நான் தரையில் குப்புறப் படுத்துக் காதை வைத்தேன். இன்னொரு குரல் வருகிறதா என்று காத்திருந்தேன். வெகுநேரம் காத்திருந்தேன்.

"அம்மா, என் நீலச் சட்ட எங்க?" என்று வாலு அறையிலிருந்து கத்தினாள். பெட்டி அடுக்கிக்கொண்டிருந்தாள்.

அந்தக் குரல் மேலிருந்து மட்டும்தான் கேட்டது. கீழே நாங்கள் இரண்டு பேர்தான் இருந்தோம். எனக்கு அது போதும் என்று இருந்தது. எழுந்துபோய்ச் சட்டையைத் தேடிக் கொடுத்தேன்.