கட்டைவிரலின் நிழல்

ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினோரு மணிக்கு, மின்ரம்பம் தச்சரின் இடது கட்டைவிரல் நிழலை அறுத்துப் போட்டது. விரலுக்கு ஒன்றும் ஆகவில்லை. நிழல் மட்டும் துண்டாகி, மரத்தூளில் இரண்டு முறை துள்ளிவிட்டு, மேசைக்கு அடியில் போய் ஒண்டிக்கொண்டது. ரம்பத்தின் பல்லை மூடும் தகடு, தூளும் பிசினும் அடைத்து அடிக்கடி சிக்கும். துடைக்கச் சோம்பல்பட்டு, அது இறங்காதபடி ஒரு மர ஆப்பைச் செருகி வைத்திருந்தார். "தனக்குத்தானே ஆப்பு வச்சுக்கறதுன்னு சொல்லுவாங்க. இன்னிக்குத்தான் கண்ணால பாக்கறேன்," என்றாள் மனைவி. நிழலை வைத்து என்ன செய்யப்போகிறோம் என்று தச்சர் அடுத்த பலகையை எடுத்தார்.

மாலையில் தெரிந்தது. சுவரில் விழும் வெயிலில் கைநிழலால் நாய் காட்டுவதுதான் அவருக்கும் ஐந்து வயது மகளுக்கும் இருந்த ஒரே விளையாட்டு. கட்டைவிரல்தான் நாயின் காது. "காது இல்லாத நாய் கூப்பிட்டா வராதுப்பா," என்று அவள் எழுந்து போனாள். ஒரு வாரம் சுவர்ப் பக்கமே வரவில்லை. தச்சருக்குச் சோறு இறங்கவில்லை. விளக்குமாற்றால் நிழலைத் தள்ளிப் பார்த்தார். பசை தடவிய பலகையை நீட்டிப் பார்த்தார். அது இன்னும் உள்ளே நகர்ந்தது. மனைவி குனிந்து பார்த்துவிட்டு, "அது ரம்பத்துக்குப் பயப்படுதுங்க. உங்களுக்கு இல்லாத அறிவு அதுக்காவது இருக்கே," என்றாள்.

தச்சர் ஆப்பைப் பிடுங்கி எறிந்தார். பிளக்கைக் கழற்றிவிட்டு, பழைய பல்துலக்கியால் தகட்டைத் தேய்த்தார். கையை எடுத்ததும் அது பட்டென்று மூடிக்கொண்டது. மழுங்கிய பிளேடையும் வெடித்த வயரையும் மாற்றினார். கண்ணாடி மாட்டிக்கொண்டு, பலகையைக் கையால் பிடிக்காமல் கிளாம்பில் இறுக்கி அறுத்தார். நிழல் நாளுக்கு ஒரு சாணாக வெளியே வந்தது. ஒன்பதாம் நாள் அதன் இடத்தில் ஒட்டிக்கொண்டது.

ஆனால் சோம்பல் அவ்வளவு சுலபமாக ஒட்டு விடுவதில்லை. இந்தப் பன்னிரண்டு வருடத்தில் நிழல் முப்பத்தொரு முறை கழன்று போயிருக்கிறது. அவர் சாப்பிட வரும்போது மனைவி வாசலில் விழும் நிழலைப் பார்த்த பிறகுதான் தட்டை எடுக்கிறாள். இடது கையைச் சட்டைப் பைக்குள் ஒளித்துக்கொண்டு வந்தால் பார்க்கவே வேண்டாம், தெரிந்துவிடும். அவர் தோளுக்கு வளர்ந்துவிட்ட மகள், காதில்லாத நாயைக் கூப்பிடுகிற குரலில் தெருவுக்கே கேட்கும்படி கத்துவாள்: "அப்பா, பிளக்கைப் பிடுங்கினியா?"

தச்சர் பட்டறைக்குத் திரும்பி நடப்பார். மேசைக்கு அடியில் நிழல் காத்திருக்கும்.