இருபத்தைந்து செம்மறிகள்

பாடப்புத்தகத்தில் அது வெறும் ஆட்டுக்கணக்குதான். ஒருவனிடம் இருபத்தைந்து செம்மறிகள். நோய் வந்து இருபது சதவீதம் குறைந்தன. மறு வருஷம் இருபது சதவீதம் கூடின. இப்போது எத்தனை? துனிசியாவின் கடலோரத்து ஜர்ஜிஸ் ஊரின் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் வருஷா வருஷம் இந்தக் கணக்கில்தான் குப்புற விழுவார்கள். கணக்கு டீச்சர் நஜீபா அதைப் பார்த்துச் சிரிப்பாள். இந்த வருஷம் அவளுக்குச் சிரிப்பும் வரவில்லை, அழுகையும் வரவில்லை. மரத்துப்போன காலை இழுத்துக்கொண்டு நடப்பதுபோலப் பாடம் நடத்திக்கொண்டிருந்தாள்.

அந்த வகுப்பிலிருந்து ஐந்து பையன்கள் இத்தாலிக்குக் கள்ளப் படகேறினார்கள். படகு கவிழ்ந்தது. கடலோரக் காவல்படை நாலு பேரைத் தூக்கிக்கொண்டு வந்தது. ஐந்தாவது பையன் குஸை, நஜீபாவின் மகன். "வேற படகு அவன ஏத்திக்கிட்டுப் போயிருக்கும். இந்நேரம் அந்தக் கரையில தக்காளி பறிச்சிக்கிட்டிருப்பான்" என்று ஊரே அவளுக்குத் தைரியம் சொன்னது. திரும்பி வந்த நாலு பேரும் ஒப்பித்ததுபோல அதையே சொன்னார்கள். மகன் இருக்கிறானா இல்லையா, அது தெரிந்தால் போதும் அவளுக்கு. தெரியாமல் அழக்கூட முடியவில்லை.

"இருபத்தஞ்சு மேடம்!" வகுப்பே கத்தியது. "போனதும் இருபது, வந்ததும் இருபது. சரிக்குச் சரி!"

"ஸ்கந்தர், நீ வந்து போடு."

ஸ்கந்தர் திரும்பி வந்த நால்வரில் ஒருவன். குஸைக்குப் பக்கத்து இடம் அவனுடையது. இத்தனை நாளும் அவனை அவள் எழுப்பியதே இல்லை. இன்று ஏன் கூப்பிட்டாள் என்று அவளுக்கே தெரியவில்லை. அவன் எழுதினான். இருபத்தைந்தில் இருபது சதவீதம் ஐந்து, மிச்சம் இருபது. இருபதில் இருபது சதவீதம் நாலு. மொத்தம் இருபத்துநாலு.

"கடல் தண்ணி குடிச்சு இவனுக்கு மூளை ஊறிப்போச்சுடா!" என்றான் கடைசி பெஞ்சில் ஒருவன். எல்லோரும் சிரித்தார்கள்.

"சும்மா இருங்க. ஸ்கந்தர், அவங்களுக்குப் புரியிற மாதிரி சொல்லு."

"முதல்ல இருபத்தஞ்சுல எடுத்தோம். ரெண்டாவது தடவ, மிச்சம் இருக்கிற இருபதுலதான் எடுக்கணும் மேடம். அதனால அதே இருபது சதவீதம் சின்னதாயிடுது. அஞ்சு போச்சு, நாலுதான் திரும்பி வருது..."

அவன் பலகையைப் பார்த்தபடியே நின்றான்.

"நாலு பேருதான் வந்தோம் மேடம். வேற படகெல்லாம் வரல. குஸை என் கையத்தான் பிடிச்சிருந்தான். விரலு விறைச்சுப்போச்சு மேடம். நான்தான் விட்டுட்டேன்."

நஜீபா டஸ்டரை மேசைமேல் வைத்தாள். தெரிய வேண்டியது தெரிந்துவிட்டது. இனி அழலாம். கண்ணீர் வரட்டும் என்று காத்திருந்து பார்த்தாள். வரவில்லை.

"விடை சரி. போய் உட்காரு."

அவன் போய்க் காலியிடத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, பெஞ்சில் முகம் புதைத்துக்கொண்டான். அவள் புத்தகத்தை எடுத்து அடுத்த கேள்வியைப் படித்தாள். "இருபது செம்மறிகள் மறுபடி இருபத்தைந்தாக, எத்தனை சதவீதம் கூட வேண்டும்?"

இருபத்தைந்து சதவீதம். வருஷக்கணக்காக அவளே சொல்லிக்கொடுத்த விடை. அதைச் சொல்லாமலே பலகைப் பக்கம் திரும்பி, ஸ்கந்தர் எழுதிய இருபத்துநாலுக்குப் பக்கத்தில் ஒரு சரி போட்டாள். கை நடுங்கவே இல்லை. அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது.