எவரிஸ்தோ இந்த வீட்டில் இல்லை

அந்த ஜூன் மாத கேஸ் பில்லைப் பிரித்துப் பார்த்த சுலேமா நேராக வந்து என் வீட்டுக் கதவை உதைத்தாள். தட்டவில்லை, உதைத்தாள். ஒரு கையில் பில், இன்னொரு கையில் பிசைந்துகொண்டிருந்த மாவு அப்படியே ஒட்டியிருந்தது.

"எல்சா, வெளிய வாடி! ஊருக்கே நான் ஒருத்திதான் அடுப்பு பத்த வைக்கிறேனா?"

நானும் அவளும் பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை பார்க்கிறோம். பக்கத்துப் பக்கத்து வீடு. பூமியின் தென்கோடியில் இருக்கும் எங்கள் ஊருக்கு ஜூன், ஜூலைதான் கடுங்குளிர்காலம். எனக்கு விறகு அடுப்புதான், கேஸ் குழாய் என் வாசல்வரை வந்ததில்லை. அவள் வீட்டில் உண்டு. அவள் கணவன் எவரிஸ்தோ தொலைவிலிருக்கும் கொமொதோரோ நகரத்துக்கு எண்ணெய்க் கிணற்று வேலைக்குப் போவதற்கு முன்னால் தன் பெயரில் வாங்கி வைத்துவிட்டுப் போன இணைப்பு. போனவன் முதல் வருஷம் பணம் அனுப்பினான். இரண்டாம் வருஷம் சாக்குப்போக்கு அனுப்பினான். மூன்றாம் வருஷம் அங்கேயே இன்னொருத்தியோடு குடும்பமாகிவிட்டான். மகன் போய்விட்டான், அப்பன் தங்கிவிட்டார். மாமனார் அனிசேத்தோவுக்கு எண்பது வயதுக்கு மேல். நுரையீரல் கெட்டுப்போய், குளிர் காற்று கொஞ்சம் பட்டால் போதும், விசில் அடிக்கிற மாதிரி மூச்சு இழுக்கும். அவர் ஒருவருக்காகத்தான் அந்த வீட்டில் ஹீட்டர் எரிந்தது. மற்ற அறைகளையெல்லாம் பூட்டிவிட்டு, சமையலறையில் அவருக்கு ஒரு கட்டிலும் தனக்கு ஒரு மெத்தையுமாக சுலேமா குளிர்காலத்தைத் தள்ளிக்கொண்டிருந்தாள்.

அவளுக்கு வந்த பில்லைக் கட்டினால் சோற்றுக்கு இல்லை. கட்டாவிட்டால் குழாயை மூடிவிடுவார்கள்.

வருமானம் குறைந்த வீடுகளுக்குக் குளிர்கால கேஸ் பில்லில் பெரும்பகுதியை அரசே ஏற்கும் என்று ரேடியோவில் மே மாதம் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஒரு குடும்பம்கூடக் குளிரில் வாடாது என்று ஒரு இனிமையான குரல் சொல்லும். கையேந்துகிற மாதிரி இருக்கிறது என்று அதுவரை அவள் போகவில்லை. அன்று போனாள். நானும் கூடப் போனேன்.

சலுகைக்கு விண்ணப்பம் வாங்கும் அரசு அலுவலகத்துக்குள் நுழைந்ததும் கண்ணாடி போட்டிருந்தவர்களுக்கெல்லாம் கண்ணாடி மங்கிவிட்டது, அவ்வளவு சூடு. ஜன்னலுக்குப் பின்னால் இருந்த பெண் அரைக்கை ரவிக்கையில் உட்கார்ந்து விசிறிக்கொண்டிருந்தாள். சுலேமா என் காதில், "எங்க போகுதுன்னு இப்பத் தெரியுது பாரு நம்ம கேஸு" என்றாள்.

எங்கள் முறை வந்தது. அந்தப் பெண் கணினியைப் பார்த்தாள்.

"உங்க வீட்ல ரெண்டு வருமானம் இருக்கேம்மா. கணவருக்கு எண்ணெய்க் கம்பெனில நல்ல சம்பளம்."

"அந்தச் சம்பளத்த நான் கண்ணால பார்த்து வருஷக்கணக்காச்சு. அந்தாளையும்தான்."

"சிஸ்டத்துல அவர் உங்க வீட்லதான் குடியிருக்கார்."

"அப்ப அந்த சிஸ்டத்தையே வீட்டுக்கு அனுப்புங்க. எந்தக் கட்டிலுக்கு அடியில ஒளிஞ்சிருக்கார்னு அதுவே தேடிப் பார்த்துச் சொல்லட்டும்."

வரிசையில் யாரோ சிரித்தார்கள். ஜன்னல் பெண் சிரிக்கவில்லை. கெட்டவள் என்று சொல்ல முடியாது. அவளும் நாள் முழுக்க இதையே கேட்டுக்கொண்டிருப்பவள்.

"விவாகரத்துத் தீர்ப்பு இருக்கா?"

"வக்கீலுக்குக் கொடுக்கக் காசு இருந்தா நான் ஏம்மா இங்க வந்து நிக்கிறேன்?"

"அவர் இறந்திருந்தா இறப்புச் சான்றிதழ் போதும்."

"செத்திருந்தா எவ்வளவு வசதியா இருந்திருக்கும்!" என்றாள் சுலேமா. "உயிரோட இருந்து உயிரை வாங்குறானே."

கடைசியில் வழி ஒன்றுதான் என்றாள் அந்தப் பெண். எவரிஸ்தோ நேரில் வந்து, தான் இந்த வீட்டில் வசிக்கவில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும்.

வீட்டுக்கு வந்து அவன் எண்ணுக்குப் போன் போட்டாள். அவன் எடுக்கவில்லை. மறுநாளும் எடுக்கவில்லை. அதற்கு மறுநாள் ஒரு பெண் குரல் கேட்டது. மிர்த்தா. அவனோடு இருப்பவள். இத்தனை வருஷத்தில் இருவரும் பேசிக்கொண்டதே இல்லை. சுலேமா போனைக் காதிலிருந்து எடுத்து என்னைப் பார்த்தாள். வைத்துவிடுவாள் என்றுதான் நினைத்தேன். பின்னால் கிழவர் இருமினார். போனைத் திரும்பக் காதில் வைத்தாள்.

"அக்கா, நான் சண்டைக்குக் கூப்பிடல" என்று தொடங்கினாள். மிர்த்தா அவளைவிட மூத்தவளோ இளையவளோ, வாயில் அக்காதான் வந்தது. முழுக் கதையையும் சொல்லி முடித்தாள்.

"பெரியவர் அங்கதான் இருக்காரா?" என்று கேட்டாள் மிர்த்தா. "உங்க அண்ணன் வீட்ல இருக்கார்னுல்ல எங்கிட்ட சொன்னாரு இந்த மனுஷன்!"

"எனக்கு அண்ணனே கிடையாது."

"சரி. நானே பஸ் ஏத்தி விடறேன். கையெழுத்து வாங்கிட்டுத் திருப்பி அனுப்பிடுங்க."

எவரிஸ்தோ வந்து இறங்கியது வெள்ளிக்கிழமை மத்தியானம். அதற்குள் அலுவலகத்தை மூடிவிட்டார்கள். அன்று மாலையே பனி கொட்ட ஆரம்பித்தது. சனி, ஞாயிறு, அதை ஒட்டி எங்கள் நாட்டு ஜூலை மாதச் சுதந்திர தின விடுமுறை. சாலையை மூடிவிட்டதாக ரேடியோ சொன்னது. கொமொதோரோ பஸ் எப்போது கிளம்பும் என்று டிப்போவில் யாருக்கும் தெரியவில்லை. ஊரில் ஒரு விடுதி உண்டு, ஆனால் பனிச்சறுக்கு விளையாட வந்தவர்கள் ஒரு அறை விடாமல் அதை நிரப்பியிருந்தார்கள்.

ஆக, இல்லாதவன் இருக்க வேண்டியதாயிற்று. பூட்டிக் கிடந்த அறையில் படுக்கச் சொன்னாள். இரவெல்லாம் அவன் பல் தந்தியடிக்கிற சத்தம் சமையலறைவரை கேட்டதாகச் சொன்னாள். காலையில் கிழவர்தான், "உள்ள கூப்பிடு, செத்துத் தொலைச்சான்னா அதுக்கு வேற சான்றிதழ் கேப்பாங்க" என்றாராம்.

அந்த நாட்களில் எவரிஸ்தோ சும்மா உட்காரவில்லை, அதைச் சொல்ல வேண்டும். ஹீட்டரின் புகைக்குழாயைக் கழற்றி அடைப்பை எடுத்தான். ஜன்னல் சந்துகளில் துணி திணித்தான். கூரைப் பனியைத் தள்ளிவிட்டான். அப்பாவுக்கு மாத்தே இலைத் தேநீர் போட்டு உறிஞ்சு குழலோடு கையில் கொடுத்தான். கிழவர் வாங்கிக் குடித்துவிட்டு, "சூடு பத்தல" என்பார். ஒவ்வொரு தடவையும் அதே வார்த்தை. கையிலிருந்த காசில் கொஞ்சம் சுலேமாவிடம் நீட்டினான். அவள் வாங்கி மடியில் செருகிக்கொண்டாள். ரோஷம் பார்க்கிற குளிரா அது?

விடுமுறை முடிந்ததும் மூவருமாக அலுவலகத்துக்கு நடந்தோம். எவரிஸ்தோ ஜன்னல் முன்னால் நின்று, தான் பல வருஷமாகக் கொமொதோரோவில் வசிப்பதாக எழுதிக் கையெழுத்துப் போட்டான். ஜன்னல் பெண் முத்திரை குத்தினாள்.

"முடிஞ்சுதா?" என்றாள் சுலேமா.

"முடிஞ்ச மாதிரிதான். வீட்டை ஒரு தடவை பார்த்துட்டுப் போக ஆள் வருவாங்க. எப்பன்னு சொல்ல முடியாது. மூணு வாரம், நாலு வாரம் ஆகும்."

மறுநாள் காலையே ஆள் வந்துவிட்டார்.

அந்த அலுவலகத்தில் எதுவுமே சொன்ன நேரத்துக்கு முன்னால் நடந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை. அன்று நடந்தது. பக்கத்துத் தெருவுக்கு வேறு ஒரு வேலையாக வந்தவர், பனியில் இன்னொரு தடவை ஏறி வர வேண்டாமே என்று இதையும் முடித்துக்கொள்ள வந்தாராம். நான் அப்போது விறகு எடுக்க முற்றத்தில் நின்றேன். கையில் எழுதும் அட்டையோடு ஒரு இளைஞர் சுலேமா வீட்டுக் கதவைத் தட்டுவதைப் பார்த்தேன். ஓடிப்போய்ச் சொல்வதற்குள் கதவு திறந்துவிட்டது.

திறந்தவன் எவரிஸ்தோ. முகத்தில் பாதி ஷேவிங் நுரை. காலில் அப்பாவின் கம்பளிச் செருப்பு. பின்னால் ஹீட்டருக்கு மேலே கயிற்றில் அவன் சட்டையும் உள்ளாடையும் காய்ந்துகொண்டிருந்தன.

"நீங்க?" என்று கேட்டார் வந்தவர்.

"எவரிஸ்தோ" என்றான் அவன். அப்புறம்தான் அவனுக்கு உறைத்தது. "ஆனா நான் இங்க இல்லைங்க சார்."

வந்தவர் அவனை மேலிருந்து கீழ்வரை பார்த்தார்.

"சத்தியமா சார். நான் இந்த வீட்ல இல்லை. பனி. பஸ் இல்லை. அதான் இருக்கேன்."

உள்ளிருந்து சுலேமா ஓடி வந்தாள். பஸ், சாலை, விடுமுறை என்று எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினாள். நானும் வேலிக்கு மேலே தலையை நீட்டிச் சாட்சி சொன்னேன். கிழவர் கட்டிலிலிருந்தே கத்தினார்: "தம்பி, எழுதிக்கோ! இத்தனை வருஷம் இல்லாதவன் இன்னைக்குத்தான் இருக்கான். நாளைக்கு இருக்க மாட்டான். ரெண்டையும் எழுது!"

"பெரியவரே, நான் பார்த்ததைத்தான் எழுத முடியும்" என்றார் அந்த இளைஞர். அவர் முகத்தில் வருத்தம் இருந்தது. வருத்தத்தோடுதான் எழுதினார். கணவர் வீட்டில் வசிக்கிறார். நேரில் கண்டது.

அவர் போன பிறகு சுலேமா கயிற்றிலிருந்து எவரிஸ்தோவின் துணிகளை ஒவ்வொன்றாக உருவி, வாசலைத் திறந்து, பனியில் வீசினாள். அவன் நுரை காய்ந்த முகத்தோடு போய்ப் பொறுக்கிக்கொண்டு வந்தான். அன்று சாயங்காலம் சாலை திறந்தது, போய்விட்டான்.

விண்ணப்பம் தள்ளுபடி என்று செல்போனுக்குத் தகவல் வந்தது. மேல்முறையீடு செய்தோம். மேல்முறையீட்டைப் பார்க்கும் அதிகாரி விடுப்பில் இருந்தார். திரும்பி வந்ததும் வேறு ஊருக்கு மாற்றிவிட்டார்கள். புதிதாக வந்தவர், வாக்குமூலத்துக்கும் ஆய்வறிக்கைக்கும் முரண்பாடு இருக்கிறது, பொய் வாக்குமூலம் கொடுப்பது குற்றம் தெரியுமா என்று கேட்டார். சுலேமா அங்கேயே அழுதாள். எவரிஸ்தோ விட்டுப் போனபோதுகூட அவள் அழுது நான் பார்க்கவில்லை.

ஜூலைக் கடைசியில் குளிர் எலும்புக்குள் இறங்கியது. பில்லுக்குப் பயந்து அவள் ஹீட்டரைக் குறைத்தாள். கிழவருக்கு மூச்சு இழுக்க ஆரம்பித்தது. என் வீட்டுக்குக் கொண்டு வரலாமென்றால் விறகுப் புகை அவருக்கு விஷம். அப்போதுதான் அவள் ஒரு முடிவுக்கு வந்தாள். எதிர் வீட்டுக்காரரின் வண்டியில் கிழவரைப் போர்வையோடு ஏற்றி, அந்த அலுவலகத்துக்கே கொண்டுபோய் வரிசை நாற்காலியில் உட்கார வைத்தாள்.

"என்னம்மா இது?" என்றாள் ஜன்னல் பெண்.

"போராட்டம் எல்லாம் இல்லை. இங்க சூடு இருக்கு, வீட்ல இல்லை. நான் வேலை முடிச்சு வந்து கூட்டிட்டுப் போறேன்."

தினமும் கொண்டு போனாள். காவலாளி முதல் நாள் முறைத்தார், அடுத்த வாரம் தூக்கி இறக்க உதவினார். கிழவர் வருவோர் போவோருக்கெல்லாம் தன் மகன் இருந்த கதையையும் இல்லாத கதையையும் சொல்லிக்கொண்டிருந்தார். புதிய அதிகாரி தன் அறைக்குப் பின்வாசல் வழியாகப் போக ஆரம்பித்தார். ஆனாலும் விண்ணப்பம் ஓர் அங்குலம்கூட நகரவில்லை.

நகர்த்தியது அந்த ஜன்னல் பெண்தான். ஒரு நாள் மதியம் ஜன்னலை மூடிவிட்டு வெளியே வந்து, கிழவரைக் கூட்டிப்போக வந்திருந்த சுலேமாவின் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"உங்க கணவரோட அடையாள அட்டையில எந்த முகவரி இருக்கு?"

"எங்க வீட்டு முகவரிதான். எப்பவோ எடுத்தது."

"அதை அவர் கொமொதோரோவுக்கு மாத்தினா சிஸ்டம் தானா அவரை உங்க வீட்டுலருந்து எடுத்துடும். கையெழுத்தும் வேண்டாம், ஆய்வும் வேண்டாம்."

சுலேமா அவளையே பார்த்தாள். "இதை ஏம்மா முதல் நாளே சொல்லல?"

"அது எங்க துறை இல்லைக்கா. நேத்து எங்க வீட்டு விஷயமா ஒரு பிரச்சனைன்னு பதிவு அலுவலகம் போனப்பத்தான் எனக்கே தெரிஞ்சுது."

சுலேமா கத்தவில்லை. கத்துவதற்கு ஆசை இருந்தது, தெம்பு இல்லை என்று பிறகு சொன்னாள். வெளியே வந்து மிர்த்தாவுக்குப் போன் போட்டாள். மறுநாளே மிர்த்தா அவனைச் சட்டைக் காலரைப் பிடித்து இழுக்காத குறையாகப் பதிவு அலுவலகத்துக்குக் கூட்டிப் போனாளாம். அட்டை வந்து சேர, அது சிஸ்டத்தில் ஏற, விண்ணப்பத்தை மறுபடி முதலிலிருந்து போட என்று ஆகஸ்டும் போயிற்று, செப்டம்பரும் போயிற்று.

உதவி கிடைத்துவிட்டது என்ற தகவல் அக்டோபரில் வந்தது. நாங்கள் அப்போது பள்ளிச் சமையலறையில் பூசணிக்காய் வெட்டிக்கொண்டிருந்தோம். முற்றத்துப் பனியெல்லாம் கரைந்து சேறாகியிருந்தது. பிள்ளைகள் கம்பளிச் சட்டையைக் கழற்றி இடுப்பில் கட்டிக்கொண்டு விளையாடினார்கள். சலுகை அடுத்த பில்லிலிருந்து அமலுக்கு வரும், முந்தைய மாதங்களுக்குப் பொருந்தாது என்று போட்டிருந்தது. ஜூன், ஜூலை, ஆகஸ்ட் பில்களைத் தவணையாகக் கட்ட அவள் ஏற்கெனவே எழுதிக் கொடுத்திருந்தாள். அந்தத் தவணை கோடை முழுக்க ஓடும்.

"கெடச்சுதுல்ல, அதுவே பெருசு" என்றேன், ஏதாவது சொல்ல வேண்டுமே என்று.

"வாயை மூடிட்டுக் காயை வெட்டுடி" என்றாள் சுலேமா. போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு அவளும் வெட்டினாள். பூசணித் தோல் அன்று கல்லாக இருந்தது. கத்தியின் மேல் இரண்டு கையையும் வைத்து, உடம்பையே சாய்த்து அழுத்தினாள்.