அப்பா கீழே இருக்கிறார்

சனிக்கிழமை காலையிலிருந்து பட்டாணி ஜன்னலை விட்டு நகரவில்லை. மூன்றாம் மாடி ஜன்னல். தெருவில் யார் வந்தாலும் முதலில் தலைதான் தெரியும். தெரிந்த தலை எதுவும் வரவில்லை.

பிறந்தபோது உள்ளங்கையில் அடங்கிவிடுவாள் போல இருந்தாளாம். அதனால் அம்மா அவளைப் பட்டாணி என்று கூப்பிட்டாள். கூப்பிட்டவள் போய்ச் சேர்ந்து மூன்று வருடமாகிறது. அவள் வைத்த பெயர் வீட்டில் தங்கிவிட்டது. இப்போது அந்த வீட்டில் ஒன்பது வயதுப் பட்டாணியும், வாஷிங் மிஷின் பழுது பார்க்கும் அவள் அப்பாவும் மட்டும்.

பள்ளிக்கூடத்தில் டீச்சர் பிள்ளைகளை மூன்று மூன்று பேராகப் பிரித்து, அட்டையில் ஒரு ஊர் செய்துகொண்டு வரச் சொல்லியிருந்தார். பட்டாணியோடு சேர்ந்தவர்கள் இரண்டு பேர். வகுப்பிலேயே உயரமான நெட்டை. வாயை மூடவே தெரியாத ரேடியோ. முதல் வாரம் நெட்டை வீட்டில் கூடினார்கள். அடுத்த வாரம் ரேடியோ வீட்டில். இந்த வாரம் பட்டாணி வீடு.

"எங்க வீட்டுல அட்டை மலை மாதிரி கிடக்கு. புது மிஷின் வர்ற பெட்டியெல்லாம் எங்கப்பா கொண்டாந்துடுவார். ஒரு ஊர் என்ன, ஒன்பது ஊர் கட்டலாம்" என்று பட்டாணி பெருமை அடித்துவிட்டு வந்திருந்தாள்.

பத்து மணிக்கு ரேடியோவின் அம்மா போன் செய்தார். பிள்ளைக்குத் தலைவலியாம். கொஞ்ச நேரத்தில் நெட்டையின் அம்மா பேசினார். அவர் ஆஸ்பத்திரியில் நர்ஸ். அந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் அவர் நர்ஸம்மாதான்.

"திடீர்னு விருந்தாளிங்க வந்துட்டாங்கண்ணா. இன்னிக்கு அனுப்ப முடியல. நீங்க பட்டாணிய இங்க அனுப்பிடுங்களேன்."

விருந்தாளிகள் வந்த வீட்டுக்கு இன்னொரு பிள்ளையையும் ஏன் கூப்பிடுகிறார்கள் என்று மெக்கானிக்கிற்குத் தோன்றத்தான் செய்தது. தோன்றுவதையெல்லாம் கேட்டுவிட முடியுமா? "சரிம்மா" என்று வைத்துவிட்டார்.

பட்டாணி போகமாட்டேன் என்றுவிட்டாள். நல்ல உடுப்பைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, ஹாலின் நடுவில் நின்று மூக்கை உறிஞ்சிப் பார்த்தாள்.

"நம்ம வீடு நாறுதாப்பா?"

"யாரு சொன்னா?"

"யாரும் சொல்லல. ஆனா என் பையில மிஷின் எண்ணெய் வாசனை அடிக்குதுன்னு ரேடியோ ஒரு நாள் சொன்னா. அதான் யாரும் வர மாட்டேங்கறாங்க."

ஹாலில் சுவரோரமாக மூன்று பழைய மிஷின்கள் நின்றன. உதிரி பாகத்துக்காக வாங்கிப் போட்டவை. அடியில் எண்ணெய்க் கறை படிந்திருந்தது. பிள்ளை சொல்வதும் நியாயம்தான் என்று அவருக்குப் பட்டது. அன்றைக்கே கட்டடத்துக் காவலாளியிடம் கேட்டுக்கொண்டு மூன்றையும் கீழே மாடிப்படிக்கு அடியில் இறக்கினார்.

"வெச்சுக்கோ. எலி குடி வந்தா வாடகைய நீயே வசூல் பண்ணிக்கோ" என்றார் காவலாளி.

அப்பாவும் மகளும் முட்டி போட்டு, சோப்புத்தூள் போட்டுத் தரையைத் தேய்த்தார்கள். தேய்த்துவிட்டு இரண்டு பேரும் மோந்து பார்த்தார்கள். சோப்பு வாசனைதான் வந்தது. பட்டாணி நம்பாமல் இன்னொரு முறை தேய்த்தாள்.

அடுத்த புதன்கிழமை நர்ஸம்மா வீட்டிலிருந்து அழைப்பு வந்தது. அவர் மிஷினில் தண்ணீர் இறங்கவில்லை.

மெக்கானிக் போனபோது வாசல் கதவு அகலத் திறந்திருந்தது. தனியாக இருக்கும் பெண்கள் மெக்கானிக்கை வரச்சொல்லும்போது எந்த வீட்டிலும் அப்படித்தான் இருக்கும். அதைப் பற்றி அவர் ஒருநாளும் யோசித்ததில்லை. யாராவது மறந்து மூடிவிட்டால்கூட, "காத்து வரட்டும்மா" என்று அவரே திறந்து வைப்பார்.

மிஷினைச் சாய்த்து, அடியில் பம்பின் மூடியைத் திருகி எடுத்தார். அழுக்குத் தண்ணீரோடு ஒரு நீலத் தலைக்கிளிப் வந்து விழுந்தது.

"இது பட்டாணியோடதாச்சே!" நர்ஸம்மா சிரித்தார். "இங்க வந்தா எதையாவது விட்டுட்டுத்தான் போவா உங்க பொண்ணு. போன தடவை ஒரு சாக்ஸ். ஒத்தக் காலோட எப்படித்தான் வீடு வந்து சேர்ந்தாளோ!"

அந்தச் சிரிப்பு அவருக்குக் கொஞ்சம் தைரியம் கொடுத்தது. துணியில் கையைத் துடைத்துக்கொண்டே சொன்னார்.

"மிஷினையெல்லாம் கீழ எறக்கிட்டேன்மா. தரைய நல்லா கழுவிட்டோம். இப்ப வாசனையே இல்ல. நீங்க வேணும்னா வந்து மோந்து பாருங்க. அப்புறம் பாப்பாவ அனுப்புங்க."

"வாசனையா? என்ன வாசனை?"

"எண்ணெய் வாசனை. அதனாலதான் யாரும் வரலன்னு பட்டாணி அழுதா."

நர்ஸம்மாவின் முகம் மாறிவிட்டது. பக்கத்தில் இருந்த ஸ்டூலில் உட்கார்ந்தார். "வீடு நாறுதுன்னு நெனச்சுட்டாளா... கடவுளே."

பிறகு மிஷினைப் பார்த்துக்கொண்டு பேசினார்.

"அண்ணா, உங்கள ஒரு குறையும் சொல்ல முடியாது. எனக்கு நல்லா தெரியும். ஆனா எங்க பாப்பாவோட அப்பாதான்... ரேடியோவோட அம்மாவும்... வீட்டுல பொம்பளைன்னு ஒருத்தர் இல்லையே. இதுங்களும் பொம்பளப் புள்ளைங்க..."

அவர் வாக்கியத்தை முடிக்கவில்லை. முடிக்க வேண்டிய அவசியமும் இருக்கவில்லை.

மெக்கானிக்கின் கை பம்பு மூடியைத் திருகிக்கொண்டே இருந்தது. இறுகிய பிறகும் திருகியது. எத்தனை வீடுகளில் ஏறி இறங்கியிருக்கிறார்! குளியலறை வரைக்கும் போய் வேலை பார்த்திருக்கிறார். நல்ல மனுஷன் என்று சொல்லித்தான் ஒரு வீட்டார் இன்னொரு வீட்டாருக்கு அவர் நம்பரைக் கொடுத்தார்கள். அந்த நல்ல பெயரெல்லாம் திறந்த வாசலோடு நின்றுவிடும் என்பது இன்றைக்குத்தான் தெரிந்தது.

கோபம் வந்திருக்கலாம். வரவில்லை. ஏனென்றால் அவருக்கு வேறொன்று ஞாபகம் வந்தது. பட்டாணி முதல்முறை இந்த வீட்டுக்கு வந்தபோது, அவர் நர்ஸம்மாவுக்குப் போன் செய்து கேட்டது ஒரே ஒரு கேள்விதான்: "வீட்டுல நீங்க இருப்பீங்கல்ல?" நர்ஸம்மா "இருப்பேன்" என்றார். அவரும் நிம்மதியாக வேலைக்குப் போனார். இன்று அவர்களும் அதே கேள்வியைத்தான் கேட்கிறார்கள். அந்தக் கேள்விக்கு இவர் வீட்டில்தான் பதில் இல்லை.

"சனிக்கிழமை நான் கீழ இருக்கேன்மா" என்றார். "படிக்கட்டுக்கு அடியில மிஷின் வேலை கிடக்கு. புள்ளைங்க கிளம்பற வரைக்கும் மேல ஏற மாட்டேன். சமைச்சு மூடி வெச்சுட்டு எறங்கிடறேன். நீங்க எப்ப வேணா வந்து பாத்துக்கலாம்."

"அய்யோ, அதெல்லாம் எதுக்குண்ணா" என்றார் நர்ஸம்மா. ஆனால் வேண்டாம் என்று சொல்லவில்லை.

சனிக்கிழமை நர்ஸம்மா டியூட்டிக்குப் போகும் வழியில் இரண்டு பிள்ளைகளையும் அழைத்து வந்தார். மெக்கானிக் அதற்குள் கீழே இறங்கி, ஒரு மிஷினின் முதுகைக் கழற்றிப் போட்டிருந்தார். நர்ஸம்மா மேலே போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பும்போது அவர் முன்னால் ஒரு நிமிடம் நின்றார். "சாயங்காலம் இவங்க அப்பா வந்து கூட்டிட்டுப் போவார்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

மேலே சத்தம் தொடங்கியது. நாற்காலி இழுபட்டது. ஏதோ விழுந்தது. பிறகு சிரிப்பு. மூன்று குரல்களில் பட்டாணியின் குரலைத் தனியாகப் பிரித்து எடுத்துக் கேட்டார். அவள் அப்படிச் சிரித்து அந்த வீட்டில் அவர் கேட்டதில்லை. இரண்டு பேர் இருக்கிற வீட்டில் சிரிப்பு அவ்வளவு தூரம் போவதில்லை.

மதியம் ஜன்னலிலிருந்து குரல் வந்தது. "அப்பா! பசை தீந்துடுச்சு!"

கடைக்குப் போய் வாங்கி வந்தார். "வந்து வாங்கிக்கோம்மா!"

"நீ கொண்டாந்து குடுத்தா காலு தேஞ்சிடுமா?" என்று கேட்டுக்கொண்டே பட்டாணி தடதடவென்று இறங்கி வந்தாள். கன்னத்தில் பசை. கையில் கத்தரிக்கோல். "அப்பா, மேல வந்து பாருப்பா. நெட்டை ஆஸ்பத்திரி கட்டி முடிச்சுட்டா. நான் ஸ்டேஷன் கட்டறேன். ரேடியோ இன்னும் ஒரு சுவர் கூட வைக்கல, ஊர் கதை பேசிக்கிட்டிருக்கா."

"வேலை இருக்குடா."

"இந்த மிஷின் செத்துப்போச்சுன்னு நீதானே சொன்ன? செத்ததுக்கு என்ன வேலை?"

அவர் இன்னொரு திருகைக் கழற்றினார். பட்டாணி அவர் முகத்தையே பார்த்தாள். குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"உனக்கு அவங்கள புடிக்கலையா?"

"புடிக்கும். ரொம்ப புடிக்கும்."

"அப்புறம் ஏன் இங்க உக்காந்திருக்க?"

"போ, அங்க ஸ்டேஷன் சரியப் போகுது."

அவள் போனாள். வந்த வேகம் போகும்போது இல்லை.

தனக்கும் ஒரு தட்டில் சோறு எடுத்துக்கொண்டு இறங்கியிருக்கலாம் என்பது அப்போதுதான் அவருக்கு உறைத்தது. மறந்துவிட்டிருந்தார். கடையில் ஒரு பன் வாங்கி, படிக்கட்டுக்கு அடியில் உட்கார்ந்து தின்றார். மேல் வீட்டுக்காரர்கள் ஏறிப் போனார்கள். "என்ன, இன்னிக்கு இங்கயே கடை போட்டாச்சா?" என்று ஒருவர் கேட்டார். "ஆமாங்க" என்றார். சாவி அவர் பையில்தான் இருந்தது. நடந்ததை யாரிடமாவது சொல்ல வேண்டும் போல் இருந்தது. சொல்லக்கூடியவள் ஒருத்திதான். அவள் இருந்திருந்தால் இதில் சொல்ல எதுவுமே இருந்திருக்காது.

கண்ணை மூடி, "மேல சிரிக்கிற சத்தம் போதும் கடவுளே" என்று வேண்டிக்கொண்டார். பெரிய பிரார்த்தனை எதுவும் அவருக்குத் தெரியாது.

வெளிச்சம் குறையும் நேரத்தில் ஒரு டாக்ஸி வந்து நின்றது. அதை ஓட்டி வந்த நெட்டையின் அப்பா இறங்கினார். அவளுடைய உயரம் எங்கிருந்து வந்தது என்று பார்த்தவுடன் தெரிந்தது. படிக்கட்டில் கால் வைத்தவர், அடியில் டார்ச்சைப் பல்லில் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவரைப் பார்த்து நின்றார்.

"நீங்கதானே மெக்கானிக்?"

"ஆமாங்க."

"காலைல இருந்தா இங்க இருக்கீங்க?"

"வேலைங்க..."

டாக்ஸிக்காரர் குனிந்து பார்த்தார். கழற்றிய திருகுகள் ஒரு மூடியில் கிடந்தன. மிஷினுக்குள் மோட்டாரே இல்லை. அதில் பார்க்க ஒரு வேலையும் இல்லை என்பது வண்டியைப் பிரித்துச் சேர்க்கத் தெரிந்த அவருக்குப் புரிய நேரமாகவில்லை. பக்கத்தில் பன் சுற்றிய காகிதமும் கிடந்தது. காலியாக இருந்த பக்கெட்டைக் கவிழ்த்துப் போட்டு அதன் மேல் உட்கார்ந்தார்.

"என் வீட்டுக்காரி சொன்னா, நீங்க கீழயே இருப்பீங்கன்னு. சும்மா பேச்சுக்குச் சொல்றீங்கன்னு நெனச்சேன்."

மெக்கானிக் டார்ச்சை அணைத்துக் கீழே வைத்தார்.

"அனுப்ப வேண்டாம்னு சொன்னது நான்தான்" என்றார் டாக்ஸிக்காரர். "இப்பவும் எனக்குப் பயம்தான். பொய் சொல்ல மாட்டேன். வண்டி ஓட்டறவன், நாலு விதமும் கண்ணுல படுது."

"பயப்படணுங்க. நானும் பயப்படுவேன்."

டாக்ஸிக்காரர் முட்டியைத் தட்டிக்கொண்டு எழுந்தார்.

"அதுக்காக ஒரு மனுஷன் சொந்த வீட்டுப் படிக்கு அடியில உக்காந்துகிட்டு பன் திங்கறதா? எழுந்திரிங்க. மேல போலாம். நான் இருக்கேன்ல?"

பெரிய உபதேசங்கள் செய்யாத வேலையை, ஒரு மனிதன் இன்னொருவனோடு சேர்ந்து சில படிகள் ஏறுவது செய்துவிடும். அவர்கள் ஏறினார்கள். மெக்கானிக் மூன்றாம் மாடிக் கதவின் முன்னால் நின்று, விரலால் தட்டினார்.

"யாரு?" என்று உள்ளே மூன்று குரல்கள்.

"அப்பாதான்டா."

கதவைத் திறந்த பட்டாணிக்கு ஆச்சரியம். "நம்ம வீட்டுக் கதவ ஏம்பா தட்டற?"

தரை முழுக்க ஊர். ஆஸ்பத்திரி, ஸ்டேஷன், கோணலாக ஒரு பாலம். ரேடியோ கடைசியில் ஒரே ஒரு வீடு கட்டியிருந்தாள். அதற்கு வாசல் வைக்க மறந்துவிட்டாள் என்று மற்ற இருவரும் அவளைக் கேலி செய்துகொண்டிருந்தார்கள். "கூரை வழியா போவாங்க, உங்களுக்கென்ன?" என்றாள் ரேடியோ.

"அஞ்சு நிமிஷம் இருங்கப்பா, இப்பப் போக முடியாது" என்று நெட்டை தன் அப்பாவுக்கு உத்தரவு போட்டாள்.

"பாத்தீங்களா, வீட்டுலயும் இதே அதிகாரம்தான். அஞ்சு நிமிஷம்னா அரை மணி" என்று டாக்ஸிக்காரர் காலை நீட்டி உட்கார்ந்தார். "ஏங்க மெக்கானிக், உங்க வீட்டுக்கு வந்தா டீயெல்லாம் உண்டா?"

மெக்கானிக் சமையலறைக்குப் போனார். பாத்திரத்தைக் கையில் எடுத்தவர் அப்படியே நின்றுவிட்டார். காலையில் தனக்கு ஒரு டீ. மகளுக்குப் பால். இந்த மூன்று வருடமாகக் கை அதற்குத்தான் பழகியிருந்தது. பெரியவர்கள் இரண்டு பேருக்கு எவ்வளவு தண்ணீர் வைப்பது என்பதே மறந்துபோயிருந்தது. மனைவி போனபோது வந்தவர்களுக்குப் பிறகு, இந்த வீட்டில் உட்கார்ந்து ஒரு டீ குடித்தவர் யாருமில்லை. பிள்ளைக்கு யாரும் வரவில்லை என்று கவலைப்பட்டவர், தனக்கும் யாரும் வரவில்லை என்பதைக் கவனிக்கவே இல்லை.

குத்துமதிப்பாகத் தண்ணீர் ஊற்றிக் கொதிக்கவைத்துக் கொண்டுவந்து கொடுத்தார்.

டாக்ஸிக்காரர் ஒரு வாய் குடித்துவிட்டு டம்ளருக்குள் எட்டிப் பார்த்தார்.

"என்னங்க இது, மிஷின் கழுவின தண்ணியா?"

பிள்ளைகள் கெக்கலி கொட்டிச் சிரித்தார்கள். பட்டாணிதான் எல்லோரையும் விட அதிகமாகச் சிரித்தாள்.

"அடுத்த சனிக்கிழமையும் நான்தான் கூட்டிட்டு வருவேன். இதுங்க முடிக்கற வரைக்கும் இங்கதான் இருப்பேன். ஒரு சவாரி போனா போகுது" என்றார் டாக்ஸிக்காரர். பயம் இன்னும் இருந்தது. அதை அவர் மறைக்கவுமில்லை. "ஆனா இந்த டீய நான் குடிக்க மாட்டேன். சொல்லிட்டேன்."

"வேற போடறேங்க" என்று மெக்கானிக் டம்ளரை வாங்கிக்கொண்டார். முகத்தை யாரும் பார்க்காதபடி திரும்பி, அடுப்பை மறுபடி பற்றவைத்தார்.