கிஷிந்தோ கத்தும் இடம்

1

இந்தக் கதை எரிச்சலில் பிறந்தது. லிக்கோனி என்ற கடற்கரை ஊரில் எந்த வேனில் ஏறினாலும் டிரைவர் தலைக்கு மேலே ஒரு திரை, அதில் ஆட்டம்பாட்டம். பாட்டு உச்சிக்கு ஏறும் நேரம் பார்த்து ஒருவன் “டிஜே கிஷிந்தோஓஓ!” என்று கத்துவான். பாட்டுகளை வெட்டி ஒட்டி அவன் விற்கிற கலவை வீடியோ ஒவ்வொன்றிலும் அவன் குரலில் அவன் பெயர்தான்.

‘கடற்காற்றில் மிதந்து வந்த அந்த இசை’ என்று முதலில் தொடங்கி— சே. டீசல் புகையில்தான் வந்தது.

2

அந்த வீடியோவில் வரும் ஒரே ஒரு பாட்டில் முவானகோம்போ என்ற பெண் பின்வரிசையில் ஆடுகிறாள். அதில் ஒரு வரி மட்டும் தனியாகப் பாடுகிறாள்: “நிக்கோ ஹாப்பா”. இங்கேதான் இருக்கிறேன் என்று அர்த்தம். கிஷிந்தோ கத்துவது சரியாக அந்த வரியின் மேல்.

“பாட்டுக்காரியாம்!” என்றாள் நாத்தனார் சவுமு. “நான் கேட்டவரைக்கும் ஒரு ஆம்பளைதான்டி கத்துறான். உனக்கு அவ்ளோ கட்டைக் குரலா?”

[இங்கே அவள் அழுததாக எழுதி, அடித்துவிட்டேன். அவள் அழுகிற ஆள் இல்லை.]

மரவள்ளி வறுத்த சட்டியை இறக்கி வைத்துவிட்டு நேரே கிஷிந்தோவின் கடைக்குப் போனாள்.

3

“அந்த ஒரு வரிக்கு மட்டும் வாயை மூடிட்டு இருக்கக் கூடாதாண்ணே?”

“இருக்கறதுலயே நல்ல இடம் அதாம்மா. அங்க என் பேர் இல்லைன்னா, நாளைக்கே எவனாவது வெட்டியெடுத்து அவன் பேரைப் போட்டுக்குவான்.”

“நல்ல இடம்னு தெரியுது. பாடினவ யாருன்னு தெரியுதா?”

[இந்தப் பதிலை நான் எழுதவில்லை. அவளே சொல்லிவிட்டாள்.]

நகர மாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டாள். வீடியோ ஏற்றிக்கொள்ள வாசலில் பென் டிரைவோடு நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். கிஷிந்தோவுக்குப் பொறுமை போனது. மைக்கை அவள் கையில் திணித்தான்.

“சரி தாயே, என் பேர் வேணாம். உன் பேரையே கத்தித் தொலை!”

[வேண்டாம் என்று நான் எவ்வளவோ சொன்னேன். கேட்டால்தானே.]

“முவானகோம்போஓஓ!” என்று அடிவயிற்றிலிருந்து கத்தினாள். தன் வரியின் மேலேயே.

4

மறுநாள் வேனில் பக்கத்தில் சவுமு. திரையில் அந்த இடம் வந்து போனது.

“பேரு நல்லாக் கேட்டுதுடி. பாட்டு எங்கே?”

முடிவு ஒன்று: முவானகோம்போ சிரித்துவிடுகிறாள். பொய். முடிவு இரண்டு: மறுபடி கிஷிந்தோவிடம் போய்— எனக்கே அலுப்பாக இருக்கிறது.

ஆனால் அவனைத் திட்ட எனக்கு என்ன யோக்கியதை? அவள் வாயைத் திறக்கும்போதெல்லாம் அடைப்புக்குறி போட்டு நானும்தானே குறுக்கே கத்தியிருக்கிறேன்.

“டிரைவரண்ணே, அந்தப் பாட்டுப் பெட்டியை நிறுத்துங்க!” என்கிறாள் முவானகோம்போ. அவர் முனகிக்கொண்டே நிறுத்துகிறார். அவள் எழுந்து மேல்கம்பியைப் பிடித்துக்கொள்கிறாள். சவுமு தலையைத் தூக்கிப் பார்க்கிறாள்.

நான் வாயை மூடிக்கொள்கிறேன். அவள் வரியை நீங்களே கேட்டுக்கொள்ளுங்கள்.

[                    ]