ஏறாத குதிரை

கார்த்திகைக் காலைக்கதிர் சுண்ணக்கற் குன்றுகளின்மேல் பொன்னை உருக்கி வார்த்தாற்போல் வழிந்தோட, பனியில் நனைந்த புல்வெளிகள் மெல்லிய ஆவி விட்டு விழித்தெழ, டெக்சாசு மாநிலத்து ரவுண்ட் ராக் நகரில் கணிப்பொறி நிறுவனத்தை நோக்கி ஊர்திகள் எறும்பின் ஒழுங்கென ஊர்ந்துகொண்டிருந்த அவ்வேளையில், நகர்ப்புறத்துப் பள்ளத்தாக்கு ஒன்றில் மட்டும் காலம் ஒரு நூற்றாண்டு பின்னே போய் நின்றது, அன்புடையீர். முகப்பு மட்டுமே உடைய மதுக்கடையும், மணியில்லாத தேவாலயமும் அங்கே பலகையால் எழுந்திருந்தன. ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றாறாம் ஆண்டில், இத்தாலியிலிருந்து வந்த சிறு படக்குழு ஒன்று குதிரைவீரர் கதையை அங்கே படமாக்கிக்கொண்டிருந்தது.

அக்குழுவின் நடுவே நரைமீசைக்கு மை தீட்டி நின்றவன் சாந்தகுமார். தூத்துக்குடியிற் பிறந்து, கப்பற்கூலியாய் நேப்பிள்சுத் துறையில் இறங்கி, மீண்டும் கப்பலேற மனமின்றி உரோமை நகரின் படப்பிடிப்பு நிலையங்களில் நுழைந்தவன். கொள்ளையனாய்க் கூரையிலிருந்து வீழ்ந்தும், படைவீரனாய்த் தேர்க்காலடியில் உருண்டும், விழுவதையே பிழைப்பாக்கி, பின்னர்க் கொடியவர்களின் அடியாளாய் இரண்டொரு சொல் பேசும் வேடங்களும் பெற்றான். அங்கேதான் செவிலியாய்ப் பணியாற்றிய ஜெயகுமாரியை மணந்தான். ஆனால் தொலைக்காட்சி வீடுதோறும் புகுந்ததும் அத்தகைய படங்கள் கோடைக்குளமென வற்றின. கடைசியாய் அவன் நடித்த சண்டையில் விழுந்த அடியோ இடக்கண்ணின் ஒளியைக் கொண்டுபோயிற்று. மனைவிக்குக் கிடைத்த வேலையைப் பற்றிக்கொண்டு அமெரிக்காவின் நியூ செர்சிக்கு வந்தவன், இந்தியக் கடைகள் நிறைந்த ஐசலின் கடைத்தெருவில் சேலைக்கடைக் கதவைத் திறந்துவிடும் காவலனானான்.

ஆறாண்டு அவ்வாறு தேய்ந்தபின் உரோமையில் அவனை நடிக்கவைத்த பழைய இயக்குநர் இப்படத்துக்கு அழைத்தார். பாயும் குதிரையோடு தெருமுனையில் விழவேண்டும். விழுந்தெழுந்தால், நாயகனின் தோழனாய்ப் படம் முழுதும் வரும் வேடம். வாழ்நாளெல்லாம் அவன் ஏங்கிய வாய்ப்பு அது. கண்ணைப் பற்றி அவன் வாய்திறக்கவில்லை.

படப்பிடிப்புக்குப் போகும் வழியில், அவ்வூரில் வாழும் தன் தம்பி ஜெர்ரியின் காரை ஓட்டியபடி ஜெயகுமாரி கேட்டாள்:

"லெஃப்ட் சைடுல கார் வந்தாலே உங்களுக்குத் தெரியல. டிரைவ் பண்ணக் கூடாதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. குதிரை மட்டும் ஓகேவா?"

"கடை வாசல்ல நின்னு கொஞ்சம் கொஞ்சமா சாகறதுக்கு இது தேவலை, ஜெயா. நீ மட்டும் சும்மா இரு. கெஞ்சிக் கேக்கறேன்."

அவள் காரைப் படப்பிடிப்புத் திடலில் நிறுத்தினாள். அங்கே அவன் சேணத்தைத் தடவி நின்ற வேளையில், இடப்புறமிருந்து குதிரைக்காரன் நீட்டிய கடிவாளம் அவன் தோளில் இடித்தபின்னரே அவன் திரும்பியதைக் கண்டாள். கண்டதும் நேரே இயக்குநரிடம் நடந்து, அவர் மொழியிலேயே உண்மையைச் சொன்னாள். அந்த முதிய இயக்குநர் அவனைக் குதிரையிலிருந்து விலக்கினார். சாந்தகுமார் மனைவியை நோக்கினான். அந்நோக்கில் சினமில்லை, கரைக்கு வந்தபின் மூழ்கடிக்கப்பட்டவனின் திகைப்பே இருந்தது.

அவனுக்குப் பதிலாக, அவ்வூர்க் குதிரைப்பண்ணையைச் சேர்ந்த ராய் என்னும் இருபத்திரண்டு வயதினன் சிரித்த முகத்தோடு ஏறினான். புழுதி கிளப்பிப் பாய்ந்த குதிரை திருப்பத்தில் கால் இடறி, குறித்த இடத்துக்கு முன்னரே சாய்ந்தது. சாய்ந்த பேருடல் அவன்மேல் விழுந்தது. முதலில் ஓடியவள் ஜெயகுமாரி. மண்ணில் மண்டியிட்டு, அவன் கழுத்து அசையாவண்ணம் இரு கைகளாலும் தலையைத் தாங்கி, "Stay with me, kanna" என்று இரு மொழிகள் கலந்து மன்றாடினாள். மருத்துவ ஊர்தி வருமுன் அவள் கைகளுக்குள்ளேயே அவன் மூச்சு நின்றது.

படம் கைவிடப்பட்டது. விமான நிலையத்தில் அவள் கேட்டாள்.

"நான் சொல்லாம இருந்திருந்தா அந்தப் பையன் இருந்திருப்பான்ல?"

"இருந்திருப்பான்."

"நீங்க?"

"தெரியல, ஜெயா."

ஆறுதலாய் ஒரு பொய் சொல்லியிருக்கலாம், அவனுக்கு வரவில்லை. அவள் கையைப் பற்றினான். அன்பு தன்னவரைக் காக்க எழும்போது, அடுத்து நிற்பவர் யாரெனக் காண அதற்குக் கண் போதுவதில்லை. காத்தவர்க்கும் காக்கப்பட்டவர்க்கும் எஞ்சுவது, முகம் மட்டுமே அறிந்த ஒருவனுக்காக எந்நாளும் அழுது தீராத துயரமே.